இ.சி. என்று ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள், எதைத்தான் பார்ப்பது?

பாமணியாறு கேட்டது:

திருத்துறைப்பூண்டிக்குக் கிழக்கே ஆறு மா (சுமார் இரண்டு ஏக்கர்) நஞ்சை விலைக்கு வருகிறது. மாமனார் வாங்கியே தீருவது என்று நிற்கிறார். தரகர் "இ.சி. சுத்தமா இருக்கு, முப்பது வருஷத்துக்கு ஒண்ணுமே இல்லை" என்றார். சரி என்று கிளம்பும் நேரத்தில் பக்கத்து வயல்காரர் "அந்த வயல்ல இ.சி. மூணுக்கு மேல, யோசிச்சு வாங்குங்க" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். மாமனார் அதை மூன்று வில்லங்கம் இருப்பதாக எடுத்துக்கொண்டு தரகரிடம் போய்ச் சண்டை போட, தரகர் கோபித்துக்கொண்டு போனை எடுப்பதில்லை. விசாரித்தால் பக்கத்து வயல்காரர் சொன்னது மண் பரிசோதனை அட்டையில் இருக்கும் இ.சி.யாம்.

இதற்கு நடுவில் மோட்டார் கொட்டகையில் கிடந்த மருந்து டப்பாவிலும் "20 இ.சி." என்று போட்டிருக்கிறது. டிவியில் வேறு நாள் முழுக்க இ.சி. இ.சி. என்கிறார்கள், அது தேர்தல் ஆணையம் என்பது மட்டும் தெரியும். நிலம் வாங்குகிறவன் இதில் எந்த இ.சி.யை எங்கே போய்ப் பார்க்க வேண்டும்? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். நான் வேலை பார்ப்பது சென்னையில், வயல் விஷயம் அரைகுறைதான்.

குறுவைக்காரன்:

சங்கத்துக்காரர்களைக் கேட்டால் இ.சி. மீட்டிங் என்பார்கள், அது செயற்குழு. வந்தே பாரத்தில் டிக்கெட் போட்டால் இ.சி. என்பது கூடுதல் காசு கொடுக்கிற நாற்காலி வகுப்பு. இன்னும் ஒரு எழுத்தைச் சேர்த்தால் இ.சி.ஆர்., இ.சி.ஜி. முதலில் தரகரைச் சமாதானப்படுத்துங்கள் தம்பி, இந்த விஷயத்தில் அவர் பொய் சொல்லவில்லை.

பழைய பத்திரம்:

தரகர் சொன்னது வில்லங்கச் சான்று. சார்பதிவாளர் அலுவலகத்தில் அந்த நிலத்தின் மேல் என்னென்ன பத்திரம் பதிவாகியிருக்கிறது என்பதன் பட்டியல் அது, அவ்வளவுதான். பதிவுத்துறை இணையதளத்தில் மாவட்டம், சார்பதிவகம், கிராமம், சர்வே எண், உட்பிரிவு கொடுத்தால் 1975 முதல் உள்ளதைக் காசு கட்டாமலே பார்க்கலாம். கையெழுத்தோடு சான்றாக வேண்டுமென்றால் மட்டும் கட்டணம். தரகர் கொடுக்கும் ஜெராக்ஸை நம்பி உட்காராதீர்கள், அதில் எந்த வருடத்திலிருந்து எந்த வருடம் வரை தேடியிருக்கிறார்கள் என்று மேலேயே இருக்கும், முதலில் அதைப் படியுங்கள்.

"ஒண்ணுமே இல்லை" என்ற சொல்தான் எனக்கு உறுத்துகிறது. முப்பது வருடம் ஒரு கிரயம்கூட, ஒரு பாகப்பிரிவினைகூட இல்லாமல் இருக்கலாம், தப்பில்லை. ஆனால் தேடிய எண் தப்பாக இருந்தாலும் அப்படித்தான் வரும். 1979 முதல் 1987 வரை நடந்த யு.டி.ஆர். நில உடைமைப் பதிவில் பல ஊர்களில் எண்களும் உட்பிரிவுகளும் மாறின. இப்போது 142/3பி என்று இருப்பது அதற்கு முன் 142/3 ஆகவோ வேறு எண்ணாகவோ இருந்திருக்கும். புதிய உட்பிரிவை மட்டும் போட்டுத் தேடினால் பழைய எண்ணில் பதிவான கடன் பத்திரம் கண்ணில் படாது. தாய்ப் பத்திரத்தை (இந்த நிலத்துக்கு மூலமான பழைய பத்திரம்) வாங்கி அதில் உள்ள எண்ணையும் போட்டுத் தேடுங்கள்.

அப்புறம், வில்லங்கத்தில் வராதவை ஒரு வண்டி இருக்கிறது. உயில் வராது. உயிலைப் பதிவு செய்யவேண்டிய கட்டாயமே இல்லை, பதிவு செய்தாலும் அது தனிப் புத்தகத்தில் போகும். நீதிமன்றத்தில் வழக்கு நடந்துகொண்டிருந்தால் பெரும்பாலும் வராது. பதிவு செய்யாமல் கைமாற்றாக எழுதிக்கொடுத்த ஒப்பந்தம் வராது. நம்ம பக்கத்துக்கு எல்லாவற்றையும்விட முக்கியமானது குத்தகை. வாய்மொழிக் குத்தகை எந்த இ.சி.யிலும் வராது, ஆனால் 1955ஆம் வருடத்துச் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம் இருக்கும்வரை உழுகிறவரை எழுந்திரு என்று சொல்லிவிட முடியாது. 1969 சட்டப்படி குத்தகை உரிமைப் பதிவேடு என்று ஒன்று வருவாய்த்துறையில் தனியாக இருக்கிறது, அதைக் கேட்டு வாங்குங்கள். அதைவிடச் சுலபம், நடவு நேரத்தில் வயலுக்குப் போய் யார் நடுகிறார் என்று பார்ப்பது. கோயில், மடத்து நிலமா என்பதையும் ஊருக்குள் விசாரியுங்கள், பட்டா யார் பெயரில் இருக்கிறது என்பதையும் வருவாய்த்துறை பதிவில் பாருங்கள். பட்டா வேறு துறை, வில்லங்கம் வேறு துறை, ஒன்று சரியாக இருப்பதால் மற்றதும் சரியாக இருக்கும் என்று ஆகாது.

கடைமடை:

பத்திர அண்ணன் தன் இ.சி.யைச் சொல்லிவிட்டார், நான் பக்கத்து வயல்காரர் சொன்னதற்கு வருகிறேன். அந்தப் பக்கத்து மண்ணுக்கு என்னைக் கேட்டால் இதைத்தான் முதலில் பார்க்கச் சொல்வேன். பத்திரத்தில் சிக்கல் என்றால் வக்கீலை வைத்தாவது தீர்க்கலாம், உப்பு நோட்டீஸ் அனுப்பினால் போகாது.

மண் அட்டையில் இருப்பது மின் கடத்துதிறன். மண்ணைத் தண்ணீரில் கரைத்து அந்தக் கரைசலில் மின்சாரம் எவ்வளவு ஓடுகிறது என்று பார்ப்பார்கள். உப்பு கூடினால் அதிகம் ஓடும். ஆக அது உப்பின் அளவு. ஆர்.ஓ. தண்ணீர் விற்கிறவர் பேனா மாதிரி ஒரு மீட்டரை முக்கி டி.டி.எஸ். (தண்ணீரில் கரைந்திருப்பது) இவ்வளவு என்கிறாரே, அதுவும் உள்ளே அளப்பது இ.சி.தான், ஒரு பெருக்கல் போட்டுக் காட்டுகிறது. அலகு டெசிசீமென்ஸ் என்பது. சில இடங்களில் மைக்ரோசீமென்ஸில் எழுதிக் கொடுப்பார்கள், அப்போது 3 என்பது 3000 என்று இருக்கும். 3000 என்றதும் பயப்பட வேண்டாம், 0.3 என்று நினைத்து மகிழவும் வேண்டாம்.

நம்ம ஊர் ஆய்வுக்கூடக் கணக்கில் 1க்குக் கீழே இருந்தால் பேச்சே இல்லை. 1க்கு மேல் போனால் முளைப்பிலிருந்தே கவனிக்க வேண்டும், 3ஐத் தாண்டினால் பெரும்பாலான பயிருக்குக் கெடுதல். புத்தகங்களில் 4க்கு மேல் இருந்தால்தான் உவர் நிலம் என்று படித்திருப்பீர்கள். அது மண்ணைக் குழைசேறாக்கி அதிலிருந்து பிழிந்தெடுத்த நீரில் அளப்பது. அட்டைக்கு அளக்கும்போது தண்ணீர் நிறைய ஊற்றிக் கலக்குவதால் அதே மண்ணுக்கு எண் குறைவாகத்தான் வரும். அதனால் அட்டையில் 3 என்றால் புத்தகக் கணக்கில் அதைவிட அதிகம்.

இரண்டாவது கேள்வி, மண்ணை எந்த மாதத்தில் எடுத்தார்கள்? கோடையில் தண்ணீர் ஆவியாகப் போகும்போது அடியில் இருக்கும் உப்பு மேலே ஏறி வெள்ளையாகப் பூத்துக் கிடக்கும், அப்போது எடுத்தால் எண் எகிறும். அடைமழை கழிந்து தை மாதம் எடுத்தால் அதே வயல் நல்ல பிள்ளையாக இருக்கும். விற்கிறவர் எப்போது எடுத்த அட்டையைக் காட்டுவார் என்பது உங்களுக்கே தெரியும். நீங்களே எடுங்கள். வரப்போரம், மரத்தடி, எருக்குழி இருந்த இடம் எல்லாம் விட்டுவிட்டு வயலில் பல இடத்தில் மண்வெட்டியால் ஆங்கில வி மாதிரி வெட்டி, அரை அடி ஆழம் வரை பக்கவாட்டில் சீவி எடுத்துக் கலந்து அரைக் கிலோ கொடுத்தால் போதும். உப்பு சந்தேகம் இருப்பதால் இன்னும் ஆழத்தில் ஒன்று தனியாக எடுத்துக் கொடுப்பது நல்லது. அதோடு போர் தண்ணீர் ஒரு பாட்டில். மண்ணை விட்டுவிட்டாலும் தண்ணீரை விட்டுவிடாதீர்கள், கடற்கரை பக்கம் பல போரில் உப்புத் தண்ணீர்தான், அதைப் பாய்ச்சினால் வருடத்துக்கு வருடம் ஏறும்.

பாமணியாறு:

ரொம்ப நன்றி அண்ணே. அட்டையை வாட்ஸ்அப்பில் வாங்கிவிட்டேன். இ.சி. 3.2, பி.எச். (கார அமில அளவு) 8.1. தேதி சித்திரை மாதம். அப்படியென்றால் ஜிப்சம் போட்டால் சரியாகிவிடும் என்று மருந்துக் கடையில் சொல்கிறார்களே?

கடைமடை:

ஜிப்சம் களருக்கு, உவருக்கு இல்லை. இரண்டையும் சேர்த்து "உவர்க்களர்" என்று ஒரே மூச்சில் சொல்லியே எல்லாரும் குழம்புகிறார்கள். களர் என்பது சோடியம் மண்ணோடு ஒட்டிக்கொண்டிருப்பது, பி.எச். 8.5க்கு மேல் போகும், இ.சி. குறைவாகவே இருக்கும், ஈரத்தில் சவசவ என்று ஒட்டும், காய்ந்தால் கல். அங்கே ஜிப்சம் வேலை செய்யும். உங்களுடையதில் பி.எச். 8.1, இ.சி. 3.2 என்றால் உவர் பக்கம் சாய்கிறது. அதற்கு நல்ல தண்ணீரைத் தேக்கி வடிக்க வேண்டும், மறுபடி தேக்கி மறுபடி வடிக்க வேண்டும். அதனால் வாங்கும் முன் பார்க்கவேண்டியது வடிகால். தண்ணீர் வரும் வாய்க்காலைக் காட்டித்தான் எல்லாரும் நிலம் விற்பார்கள், போகும் வழியைக் காட்டமாட்டார்கள். வடிகால் தூர்ந்து கிடந்தால், அல்லது பக்கத்து வயல் வழியாகத்தான் வடியவேண்டும் என்றால், உப்பு எங்கேயும் போகாது.

மேட்டூர் ஜூன் 12இல் திறந்தாலும் அந்தப் பக்கம் தண்ணீர் வருவது எப்போது என்பது அங்கே இருப்பவர்களுக்குத்தான் தெரியும், ஆக நீங்கள் நம்பவேண்டியது வடகிழக்குப் பருவமழையை. சுனாமி நேரத்தில், 2004 டிசம்பரில், நாகை கரையோர வயலில் கடல்நீர் ஏறியபோதும் மழைநீரைத் தேக்கி வடித்தும் பசுந்தாள் உரமான தக்கைப்பூண்டு விதைத்து மடக்கி உழுதும்தான் மண்ணை மீட்டார்கள். தக்கைப்பூண்டு உப்பைத் தாங்கும். நெல்லில் திருச்சி ரகங்கள், டி.ஆர்.ஒய். என்று வருபவை, உவர்க்களருக்கென்றே வெளியிட்டவை. நம்ம பழைய குழியடிச்சானும் இந்த மண்ணுக்குப் பழகியதுதான். நாற்று இளசாக இருந்தால் கருகும், கொஞ்சம் வயதான நாற்றை நெருக்கி நடுங்கள்.

3.2க்கு வாங்கவே கூடாது என்று சொல்லமாட்டேன். விலையில் பேச வேண்டிய விஷயம் அது.

நாற்றங்கால்:

டப்பாவில் இருக்கும் இ.சி.யை யாரும் சொல்லவில்லை, உர மருந்துக் கடையில் இருப்பவன் என்பதால் நான் சொல்கிறேன். அது மருந்தின் வடிவம். எண்ணெய் மாதிரி இருக்கும், தண்ணீரில் ஊற்றினால் பால் போல வெளுத்துக் கலக்கும். 20 இ.சி. என்றால் நூற்றுக்கு இருபது பங்கு மருந்து, மிச்சம் கரைப்பானும் குழம்பாக்கும் பொருளும். அதே மருந்து வேறு வடிவத்தில் வந்தால் டபிள்யூ.பி. (நனையும் தூள்), எஸ்.சி. (குலுக்கிவிட்டு ஊற்றுகிற கெட்டித் திரவம்) என்று எழுதியிருப்பார்கள். எண் மாறினால் டேங்குக்கு ஊற்றுகிற அளவும் மாறும், போன முறை இதே பெயர்தானே என்று அதே மூடி அளவை ஊற்றக்கூடாது. தூளும் இ.சி.யும் ஒரே டேங்கில் கலப்பதாக இருந்தால் தூளை முதலில் கரைத்துவிட்டு இ.சி.யைப் பின்னால் ஊற்ற வேண்டும், மாற்றி ஊற்றினால் தயிர் திரிந்த மாதிரி ஆகி நாசில் அடைக்கும். அந்தக் கரைப்பான் தோல் வழியாக உடம்புக்குள் போகும், தீயும் பிடிக்கும், பீடி பற்றவைத்துக்கொண்டு கலக்குகிறவர்களைப் பார்த்தால் எனக்கு அடிவயிறு கலங்கும்.

கொட்டகையில் கிடக்கும் பழைய டப்பாவை நிலத்தோடு சேர்த்து வாங்காதீர்கள். காலாவதி தேதியைப் பாருங்கள், முக்கோணம் சிவப்பாக இருந்தால் தொடவே வேண்டாம்.

அரிச்சந்திரா:

இன்னொரு இ.சி. இருக்கிறது, நம்ம பக்கத்தில் அதை எதிர்த்துப் பந்தல் போட்டு உட்கார்ந்திருக்கிறோம். சுற்றுச்சூழல் அனுமதி. எண்ணெய்க் கிணறு, எரிவாயுக் கிணறு தோண்டுவதற்கு 2006 அறிவிக்கைப்படி வாங்கவேண்டியது. 2020 ஜனவரியில் ஆய்வுக் கிணறுகளுக்கு மக்கள் கருத்துக்கேட்பே தேவையில்லை என்று திருத்தினார்கள், அடுத்த மாதமே தமிழ்நாட்டில், டெல்டாவில் புதிய கிணறு தோண்டத் தடை போடும் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டம் வந்தது. வாங்கப் போகிற வயலுக்குப் பக்கத்தில் பழைய கிணறோ குழாயோ இருக்கிறதா என்று ஒரு நடை நடந்து பாருங்கள். குழாய் போகிற நிலம் என்றால் மேலே மரம் வைக்கக்கூட விடமாட்டார்கள்.

குறுவைக்காரன்:

அந்தச் சட்டம் வந்த பிறகும் பழைய கிணறுகள் ஓடிக்கொண்டுதானே இருக்கின்றன?

அரிச்சந்திரா:

ஆமாம், ஏற்கனவே நடக்கிறவற்றை அது தொடவில்லை. அதுதான் எங்கள் சண்டையே. இந்த இழையில் வேண்டாம், தம்பி நிலம் வாங்கட்டும்.

பாமணியாறு:

பழைய பத்திரம் அண்ணே, ஒரு சந்தேகம். தாய்ப் பத்திரத்தில் "தஞ்சாவூர் ஜில்லா" என்று இருக்கிறது, இணையதளத்தில் எந்த மாவட்டத்தைப் போட்டுத் தேடுவது? தஞ்சாவூரைப் போட்டால் கிராமமே வரவில்லை.

பழைய பத்திரம்:

வராது. 1991இல் நாகப்பட்டினம் பிரிந்தது, 1997இல் திருவாரூர், 2020இல் மயிலாடுதுறை. 1991க்கு முந்தைய பத்திரம் எல்லாமே தஞ்சாவூர் ஜில்லாதான். இப்போது கிராமம் எந்த மாவட்டத்தில், எந்தச் சார்பதிவகத்தில் இருக்கிறதோ அதைப் போட்டுத் தேடுங்கள். கிராமத்தை இடையில் ஒரு சார்பதிவகத்திலிருந்து இன்னொன்றுக்கு மாற்றியிருக்கவும் கூடும், அப்படியானால் பழைய அலுவலகத்தையும் தேர்ந்தெடுத்து அந்தக் காலத்துக்கு ஒருமுறை தனியாகத் தேட வேண்டும். பத்திரத்தின் முத்திரையில் எந்த அலுவலகத்தில் பதிவானது என்று இருக்கும். 1975க்கு முந்தியது வேண்டுமென்றால் அலுவலகத்திலேயே மனு கொடுத்துவிடுங்கள், பழைய எண் புதிய எண் இரண்டையும் மனுவில் எழுதுங்கள்.