படைவீரரின் கழுத்துத் தகட்டுக்கு ஒரு சொல்: 'விசுவாச வில்லை' வேண்டாம்

அன்பு நண்பர்களுக்கு வணக்கம். மலேசியாவின் சுங்கை சிப்புட்டிலிருந்து எழுதுகிறேன்.

நம் குழு தொகுக்கும் போர்க்காலச் சொற்பட்டியலில் மற்றவை வேகமாக முடிந்துவிட்டன. பதுங்குகுழி, படைப்பிரிவு, போர்க்கைதி எல்லாம் ஏற்கெனவே புழக்கத்தில் உள்ளவை. படைவீரர்கள் கழுத்தில் கயிற்றிலோ சங்கிலியிலோ மாட்டிக்கொள்ளும் அந்தச் சிறு தகட்டுக்கு மட்டும் இன்னும் முடிவு வரவில்லை. ஆங்கிலத்தின் 'டாக் டேக்' (dog tag) என்பதை அப்படியே பெயர்த்து 'நாய்ப்பட்டை' என்று ஒரு நண்பர் எழுதியிருந்தார். அமெரிக்க வீரர்கள் தங்களுக்குள் கேலியாக வழங்கிய பெயர் அது. தமிழில் ஒருவரை நாயோடு சேர்த்துப் பேசினால் கேலியோடு நிற்காது. விட்டுவிடலாம். 'இலச்சினைத் தகடு' என்பதும் சரிவராது. இலச்சினை அரசின் முத்திரை, படைப்பிரிவின் சின்னம். தோளிலும் தொப்பியிலும் பிறர் பார்க்க இருப்பது. நாம் பேசுவதோ சட்டைக்குள் கிடப்பது.

விரிவாக மறுக்க வேண்டியது தைப்பிங் அண்ணன் முன்வைத்த 'விசுவாச வில்லை'யைத்தான். அவர் எழுதியது இது:

> படைவீரன் தன் நாட்டுக்கு விசுவாசமாக இருக்கிறான் என்பதற்கு அவன் கழுத்தில் கிடப்பதே சாட்சி. அந்தக் கருத்து சொல்லிலேயே வர வேண்டும். நம் பிள்ளைகள் மலேசியாவின் தேசியக் கோட்பாடான ருக்குன் நெகாராவில் 'விசுவாசம்' என்ற சொல்லைப் படித்தே வளர்கிறார்கள், புரியாமல் போகாது.

புரியும், அண்ணன். ஆனால் தவறாகப் புரியும். அந்தத் தகட்டில் என்ன எழுதினார்கள் என்று பாருங்கள். பிரிட்டிஷ் படையில் முதல் உலகப் போரின் தொடக்கத்தில் ஆளுக்கு ஒரே வில்லைதான். இறந்தவரின் உடலிலிருந்து அதைக் கழற்றிக் கணக்குக்கு எடுத்துப் போனதும், கிடக்கும் உடல் யாருடையது என்று பின்னால் வருகிறவர்களுக்குத் தெரியாது. இப்படிப் பெயரில்லாத கல்லறைகள் பெருகிய பிறகுதான் 1916இல் அதை இரண்டாக்கினார்கள்: பச்சை நிறத்தில் எண்கோணம் ஒன்று, சிவப்பில் வட்டம் ஒன்று. சிவப்பு கணக்குக்குப் போகும், பச்சை உடலோடு இருக்கும். இரண்டும் அழுத்திய நார் அட்டையில் செய்தவை. பெயர், படை எண், பிரிவு, மதம், அவ்வளவுதான் அதில் உண்டு. ஜெர்மானியர்கள் நீள்வட்ட உலோகத் தகட்டின் நடுவே துளைவரிசை போட்டு, பாதியை முறித்து எடுக்கும்படி செய்தார்கள். மேல்பாதி உடலோடு, கீழ்ப்பாதி அலுவலகத்துக்கு. அமெரிக்கர்களும் 1916இலிருந்து ஆளுக்கு இரண்டு என்று ஆக்கினார்கள். இரண்டாம் உலகப் போர்க்கால அமெரிக்கத் தகட்டின் ஓரத்தில் ஒரு காடி, அதாவது சிறு வெட்டு, இருக்கும். இறந்தவரின் பற்களுக்கு நடுவே செருகத்தான் அது என்று ஒரு கதை உலவுகிறது. உண்மையில் எழுத்துப் பதிக்கும் இயந்திரத்தில் தகட்டைச் சரியாகப் பொருத்துவதற்காக வைத்தது.

மதத்தை எழுதியதும் விசுவாசத்துக்காக அல்ல. எரிப்பதா புதைப்பதா, யார் வந்து சடங்கு செய்வது என்று தெரிந்துகொள்ளத்தான். அந்த ஒரு எழுத்தே சிலருக்கு ஆபத்தாகவும் முடிந்தது. யூத வீரர்களின் அமெரிக்கத் தகட்டில் எபிரேயர் (Hebrew) என்பதைக் குறிக்கும் 'எச்' என்ற எழுத்து இருக்கும். ஜெர்மானியரிடம் பிடிபட்டால் என்ன ஆகும் என்று அஞ்சி அதை வீசி எறிந்தவர்கள் உண்டு. அப்படி எறிந்தவர் தம் நாட்டுக்குத் துரோகம் செய்துவிட்டார் என்று யாராவது சொல்வார்களா? 'விசுவாச வில்லை' என்று பெயர் வைத்தால் சொல்லே அப்படிச் சொல்லிவிடும்.

நம் மண்ணிலேயே இதைவிடப் பெரிய சான்று இருக்கிறது. 1941 டிசம்பர் 8இல் ஜப்பானியர் கோத்தா பாருவில் இறங்கினார்கள். சில நாட்களில் வடக்கே பிரிட்டிஷ் படை காத்து நின்ற ஜித்ரா விழுந்தது. அங்கே சிதறிய பஞ்சாப் படைப்பிரிவில் இருந்த கேப்டன் மோகன் சிங், ஜப்பானிய அதிகாரி மேஜர் புஜிவாராவைச் சந்தித்த பிறகு, பிரிட்டிஷாரை எதிர்த்து எழுந்த இந்திய தேசிய ராணுவத்தின் முதல் தலைவரானார். சிங்கப்பூர் விழுந்த இரண்டு நாளில், 1942 பிப்ரவரி 17 அன்று, பேரர் பார்க் திடலில் 40,000க்கும் மேற்பட்ட இந்தியச் சிப்பாய்களைக் கூட்டி வைத்து பிரிட்டிஷார் ஜப்பானியரிடம் ஒப்படைத்தார்கள். அந்தத் திடலுக்குள் நடந்து வந்தபோது எல்லோரும் ஒரே அரசரின் சிப்பாய்கள். அப்புறம் ஒரு பகுதியினர் மோகன் சிங்கோடு சேர்ந்தார்கள். மறுத்தவர்கள் போர்க்கைதிகளாகவே இருந்தார்கள். அவர்களில் பலரை நியூ கினி வரை கப்பலில் கொண்டுபோய் வேலை வாங்கினார்கள், பலர் அங்கேயே செத்தார்கள். போர் முடிந்ததும் பிரிட்டிஷார் விசாரித்து வெள்ளை, சாம்பல், கறுப்பு என்று ஆட்களைத் தரம் பிரித்தார்கள். விசுவாசத்தை அளக்க அவர்களுக்கு விசாரணை தேவைப்பட்டது. பெயரும் எண்ணும் கையில் இருந்தும் அவை அதைச் சொல்லவில்லை.

1943 ஜூலையில் நேதாஜி சிங்கப்பூர் வந்த பிறகு நம் தோட்டங்களிலிருந்து போனவர்களையும் சேர்த்துப் பாருங்கள். பால்மரம் (ரப்பர்) சீவியவர்கள் சிப்பாய்கள் ஆனார்கள். ஜான்சி ராணிப் படைக்கு நம் பெண்கள் போனார்கள். பிறந்த மண் ஒன்று, வயிற்றுப்பாட்டுக்கு வந்த மண் ஒன்று, ஆண்ட அரசு ஒன்று, புதிதாக வந்து உட்கார்ந்த அரசு இன்னொன்று. இத்தனைக்கும் நடுவே ஒரு மனிதரின் விசுவாசம் எங்கே இருந்தது என்பதை ஒரு தகட்டின் பெயரில் அடக்க நமக்கு உரிமையில்லை.

1949 ஜெனீவா உடன்பாடும் இதே பக்கம்தான் நிற்கிறது. போர்க்கைதிகள் பற்றிய மூன்றாம் உடன்பாட்டின் 17ஆம் பிரிவுப்படி, பிடிபட்டவர் சொல்லக் கடமைப்பட்டவை பெயர், தரநிலை, பிறந்த தேதி, படை எண், இவை மட்டுமே. 87ஆம் பிரிவு இன்னும் தெளிவு: கைதிக்குத் தண்டனை தரும்போது, பிடித்து வைத்திருக்கும் நாட்டுக்கு அவர் விசுவாசக் கடமை எதுவும் பட்டவர் அல்லர் என்பதை முடிந்தவரை கணக்கில் கொள்ள வேண்டும். எதிரிப் படையில் சேரச் சொல்லிக் கைதியைக் கட்டாயப்படுத்துவது 130ஆம் பிரிவின்படி கடுமையான மீறல். பெயரும் எண்ணும் ஒரு பக்கம், விசுவாசம் வேறு பக்கம் என்று சட்டமே பிரித்து வைத்திருக்கும்போது நாம் ஏன் ஒட்டவைக்க வேண்டும்?

சரி, 'அடையாள வில்லை'க்கு வருகிறேன். ஈப்போ அக்கா உட்படப் பலருக்கு இது பிடித்திருக்கிறது. சென்னை நண்பர்களுக்கு இதில் உறுத்தல் ஏதும் தெரியாது. எங்கள் ஊர்க்காரர்களுக்குத் தெரியும். 1948 ஜூன் 16 அன்று சுங்கை சிப்புட்டில் மூன்று வெள்ளைக்காரத் தோட்ட அதிகாரிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள், கம்யூனிஸ்ட் கிளர்ச்சியை ஒடுக்க அவசரகாலம் வந்தது. அதே ஆண்டில் 12 வயதுக்கு மேற்பட்ட எல்லோரும் படமும் கைரேகையும் கொடுத்து அடையாள அட்டை வாங்க வேண்டும் என்று சட்டம் வந்தது. காட்டுக்குள் இருந்த கம்யூனிஸ்டுகள் தோட்டத்து ஆட்களிடமிருந்து அட்டையைப் பிடுங்கினார்கள். சாலையில் போலீஸ் அட்டை எங்கே என்று கேட்டது. இரண்டு பக்கமும் அந்த அட்டையை வைத்தே நீ யார் பக்கம் என்று பார்த்தார்கள். எங்கள் பெரியவர்கள் பேச்சில் 'அடையாளம்' என்றால் உயிரோடு இருக்கிறவர் சோதனைச் சாவடியில் எடுத்துக் காட்டுவது. கழுத்துத் தகடு யாரிடமும் காட்டுவதற்கு அல்ல. அதை அணிந்தவர் பேச முடியாமல் போனபின் அவருக்காகப் பெயர் சொல்வது. அடையாள அட்டை என்ற சொல் அரசு ஆவணங்களிலும் நன்றாக ஊன்றிவிட்டது. அதன் பக்கத்திலேயே அடையாளத் தகடு, அடையாள வில்லை என்று வைத்தால் இரண்டும் ஒரே வேலைக்கானவை என்று வாசகர் நினைப்பார்.

'வில்லை' நல்ல சொல்தான். வில்லை அணிந்த ஏவலரை வில்லைச் சேவகன் என்று பழைய அலுவலகங்களில் சொன்னது நினைவிருக்கும். கண்ணாடி வில்லை, மாத்திரை வில்லை என்று இன்றும் வாழ்கிறது. ஆனால் கூட்டுச்சொல்லின் கடைசியில் வந்தால் சிக்கல் செய்கிறது. 'பெயர்வில்லை' என்று சேர்த்து எழுதிப் பாருங்கள். பெயர்வு இல்லை என்று கண் படிக்கும். பட்டியலில் இருக்கும் சொல்லை நாளைக்கு ஒரு மாணவர் கட்டுரையில் சேர்த்து எழுதத்தான் போகிறார்.

என் பரிந்துரை 'பெயர்த்தகடு'.

இதன் பின்னால் எனக்கு ஒரு காரணம் உண்டு, அதை மறைக்கவில்லை. போரின்போது ஜப்பானியர் சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே போட்ட சயாம் மரண ரயில் பாதை 415 கிலோமீட்டர். அதில் இறந்த போர்க்கைதிகள் ஏறத்தாழ 13,000 பேர். காஞ்சனபுரியிலும் சுங்காயிலும் தன்பியூசாயாட்டிலும் அவர்களுக்குக் கல்லறைகள் இருக்கின்றன, பெரும்பாலானவற்றில் பெயர் இருக்கிறது. படைப் பதிவேடு, தகடு, சக கைதிகள் உயிரைப் பணயம் வைத்து ஒளித்து வைத்த குறிப்புகள், இவையெல்லாம் சேர்ந்து அந்தப் பெயர்களைக் காப்பாற்றின. அதே பாதையில் இறந்த தொழிலாளர்கள் 80,000 முதல் 100,000 வரை என்று மதிப்பிடுகிறார்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள் அதில் பெருந்தொகை. தோட்டத்தில் இருந்தவரை காலையில் ஆட்களைத் திரட்டும் பெரட்டுக்களத்தில் கிராணி (தோட்டக் கணக்கர்) செக்ரோலைப் (ஆட்களின் பெயர்ப் பதிவேடு) பார்த்துப் பெயர் கூப்பிடுவார். அந்தச் செக்ரோல் ரயிலோடு போகவில்லை. கழுத்தில் எதுவும் இல்லை. 2023இல் காஞ்சனபுரியில் அவர்கள் நினைவாக நடுகல் நாட்டினார்கள். நெஞ்சு நிறைந்த செயல். சங்க காலத்து நடுகல்லில் 'பெயரும் பீடும் எழுதி' வைத்தார்கள் என்று அகநானூறு சொல்கிறது. இந்த நடுகல்லுக்குப் பீடு உண்டு. அத்தனை பேரின் பெயரையும் எழுத முழுப் பட்டியல் யாரிடமும் இல்லை. தைப்பிங் போர்க் கல்லறைத் தோட்டத்தில் சிப்பாய்களுக்கே பாதிக்கு மேற்பட்ட கல்லறைகள் பெயர் தெரியாதவை, அண்ணனுக்கு நன்றாகத் தெரியும். இந்தத் தகடு காப்பாற்றுவது பெயரை. சொல்லிலும் அதுதான் இருக்க வேண்டும் என்கிறேன்.

எதிர்ப்பு என்ன வரும் என்று யோசித்தேன். தகடு என்றால் உலோகம்தானே, பிரிட்டிஷார் அணிந்தது நார் அட்டை ஆயிற்றே என்பீர்கள். அகராதியில் தகட்டுக்கு இலை, பூவின் புறவிதழ் என்ற பொருள்களும் உண்டு. தட்டையாக மெல்லியதாக இருப்பதுதான் முதன்மை. வீட்டு வாசலில் மாட்டுவதையும் பெயர்த்தகடு என்பார்களே என்றால், இடம் பார்த்துப் பொருள் விளங்கும். வேண்டுமானால் முதல் முறை 'படைவீரர் பெயர்த்தகடு' என்று எழுதலாம். யாழ்ப்பாணத்து நண்பர் சொன்ன 'இலக்கத் தகடு' கூர்ந்து கவனிக்க வேண்டியது. அது யாரும் உட்கார்ந்து ஆக்கிய சொல் அல்ல, அங்கே மக்கள் வாயில் புழங்கியது. 2023இல் முல்லைத்தீவு கொக்குத்தொடுவாய்ப் புதைகுழியில் கிடைத்தவற்றைப் பற்றிய செய்திகளிலும் அந்தச் சொல் வந்தது. பெயரில்லாமல் எண் மட்டும் பொறித்த தகட்டுக்கு அதுவே சரி. பட்டியலில் அதையும் தனிப் பதிவாக, வழக்குச் சொல் என்ற குறிப்போடு வைப்போம். வாகன எண் தகட்டையும் அங்கே அப்படித்தான் சொல்கிறார்கள் என்பதால் பொதுச்சொல்லாக மட்டும் வேண்டாம்.

உட்பிரிவுகளுக்கு வினைத்தொகையாக மூன்று தருகிறேன். உடலோடு இருப்பது 'தங்குதகடு'. கழற்றி எடுத்துக்கொண்டு திரும்புவது 'மீள்தகடு'. ஜெர்மானியர் வழக்கம்போல் பாதியாக முறிக்கக்கூடியது 'முறிதகடு'. ஊறுகாய், சுடுசோறு போலத்தான், நடுவே ஒற்று மிகாது. பெயர்த்தகட்டில் மட்டும் த் மிகும். தட்டச்சு செய்கிறவர்கள் தயவுசெய்து கவனியுங்கள், 'பெயர்தகடு' என்றால் இடம்பெயர்கிற தகடு என்று ஆகிவிடும். ஜெனீவா முதல் உடன்பாட்டின் 17ஆம் பிரிவு, இரட்டைத் தகட்டில் ஒரு பாதி உடலோடு இருக்க வேண்டும், ஒற்றைத் தகடானால் அது முழுதாகவே இருக்க வேண்டும் என்கிறது. அதைத் தமிழில் எழுத இந்தச் சொற்கள் போதுமா என்று சோதித்தேன், தடையில்லாமல் வருகிறது.

அண்ணன் கேட்ட 'விசுவாசம்' வீணாகப் போக வேண்டாம். 'விசுவாசக் கடமை', 'விசுவாச உறுதிமொழி' இரண்டையும் தனிப் பதிவுகளாகச் சேர்க்கலாம். அவற்றுக்கு விளக்கம் எழுத அண்ணனைவிடப் பொருத்தமானவர் இந்தக் குழுவில் இல்லை, எழுதித் தாருங்கள்.

மீதியிருப்பது ஒன்றுதான். பிற்காலத் தகடுகளில் ரத்த வகையும் பொறிக்கிறார்கள். பட்டியலில் அதைக் 'குருதி வகை' என்று போடுவதா, மருத்துவமனைகளில் எல்லோரும் சொல்கிற 'ரத்த வகை' என்றே விடுவதா? என் ஓட்டு ரத்த வகைக்கு. ஈப்போ அக்கா மருத்துவத் துறையில் இருப்பதால் அவர் சொல்வதை வைத்து முடிவு செய்துவிடலாம்.

அன்புடன்,
சுங்கை சிப்புட்டிலிருந்து