பாம்பன் தூக்குப்பாலத்தில் போனவர்கள், பார்த்தவர்கள் சொல்லுங்கள்

2025 ஏப்ரலில் புதுப் பாலம் திறந்ததிலிருந்து எங்கள் வீட்டில் பழைய பாலத்தைப் பற்றித்தான் பேச்சு. சரி, நானே ஆரம்பிக்கிறேன்.

1994 கோடை விடுமுறை, மீட்டர்கேஜ் காலம். மண்டபம் தாண்டியதும் வண்டி இறங்கி நடந்தாலே முந்திவிடலாம் போல ஊர்ந்தது. கதவோரம் எட்டிப் பார்த்தால் பக்கத்தில் கைப்பிடிச் சுவர்கூடக் கிடையாது, நேராகக் கடல்தான். பெரியவர்கள் கும்பிட்டுக்கொண்டே சில்லறை வீசினார்கள், அம்மா என் டவுசரைப் பின்னாலிருந்து இறுக்கிப் பிடித்திருந்தார். திடீரென்று சக்கரச் சத்தம் மாறியது. "இதுதாண்டா தூக்குப்பாலம், கப்பல் வந்தா ரெண்டாப் பிளந்து மேல போகும்" என்றார் அப்பா. அவ்வளவுதான், அந்த இடம் தாண்டும்வரை நான் மூச்சே விடவில்லை.

பெரியவனான பிறகுதான் 1964 டிசம்பர் புயலைப் பற்றி விவரமாகப் படித்தேன். தனுஷ்கோடிக்குப் போன பாசஞ்சர் வண்டியே பயணிகளோடு கடலில் போன அந்த ராத்திரியில், இந்தப் பாலத்தின் 126 கர்டர்களை (தண்டவாளத்தைத் தாங்கும் இரும்பு உத்தரங்கள்) கடல் அடித்துக்கொண்டு போயிருக்கிறது, ஆனால் நான் பயந்த அந்தத் தூக்குப்பாலம் அப்படியே நின்றிருக்கிறது! அப்புறம் ரயில்வே என்ஜினியர் ஸ்ரீதரன் (ஆமாம், பின்னாளில் கொங்கண் ரயில்வே, டெல்லி மெட்ரோ செய்த அவரேதான்) கடலுக்குள் கிடந்த கர்டர்களைத் தேடி எடுத்து, 46 நாளில் பாலத்தைத் திரும்ப ஓட வைத்தார். அப்போது அவருக்கு 32 வயது. எனக்கு 32 வயதில் வீட்டுக் குழாயை மாற்றவே ஒரு மாதம் ஆனது.

---

அண்ணே, நான் ரயிலில் போனதில்லை, ஆனால் அது திறப்பதைப் பார்த்திருக்கிறேன். பக்கத்து ரோட்டுப் பாலத்தில் பஸ்ஸை ஓரங்கட்டிவிட்டார்கள், அங்கே கூட்டமான கூட்டம். மோட்டார் எல்லாம் ஒன்றும் இல்லை, இரண்டு பக்கமும் ஆட்கள் இரும்புக் கம்பியைப் பிடித்துச் செக்குமாடு மாதிரிச் சுற்றிச் சுற்றித் தள்ளுகிறார்கள், அத்தனை டன் இரும்பும் மெதுவாக வானத்தைப் பார்த்து எழும்புகிறது. எப்படி என்று யோசித்தால் தஞ்சாவூர் பொம்மைதான் ஞாபகம் வரும். ஒவ்வொரு பாதியின் அடியும் வளைவாக இருக்கும், பின்பக்கம் எடைக்கு எடை பாரம் கட்டியிருக்கும், அதனால் முழு எடையையும் தூக்க வேண்டியதில்லை, பின்னால் உருட்டிவிட்டால் போதும். சிகாகோக்காரர் ஷெர்சரின் யோசனை அது. புதுப் பாலத்தில் நடுவில் இருக்கும் 72.5 மீட்டர் துண்டு லிஃப்ட் மாதிரி நேராக மேலே போகிறது, மோட்டார்தான். வசதிதான், இல்லை என்று சொல்லவில்லை, ஆனால் அந்தக் கம்பி தள்ளும் காட்சிக்கு ஈடாகாது.

---

எங்கள் அப்பத்தா போட் மெயிலில் போனவர். எழும்பூரில் ஏறி இந்தப் பாலம் தாண்டி தனுஷ்கோடி, அங்கிருந்து கப்பலில் தலைமன்னார், மறுபடி ரயிலில் கொழும்பு. பாலம் 1914-ல் திறந்ததே அந்த வழிக்காகத்தான். பாலத்தைப் பற்றி என்ன ஞாபகம் இருக்கிறது என்று நான் ஒருமுறை ஆசையாகக் கேட்டதற்கு, "அதெல்லாம் யாரு பாத்தா, கப்பல்ல வாந்தி எடுத்ததுதான் ஞாபகம் இருக்கு" என்றார்.