கில்லிங் ஜோக்: கடைசிப் பக்கத்தில் பேட்மேன் ஜோக்கரைக் கொன்றுவிட்டாரா?

இரவுப்பறவை:
நேற்று ராத்திரி 'பேட்மேன்: தி கில்லிங் ஜோக்' காமிக்ஸை முடித்தேன். ஐம்பது பக்கம்கூட இல்லை, தூக்கம் போய்விட்டது. கடைசியில் கொட்டும் மழையில் பேட்மேனின் பரம எதிரி ஜோக்கர் ஒரு டார்ச் லைட் ஜோக்கைச் சொல்கிறான், பேட்மேனும் சிரிக்கிறார், அவர் கை ஜோக்கரின் தோள் பக்கம் போகிறது, அதோடு படம் கீழே இறங்கி வெறும் தரையைக் காட்டுகிறது. சிரிப்பு நின்றுபோகிறது. கழுத்தை நெரித்துவிட்டாரா? உங்களுக்கு எப்படித் தோன்றியது?

மழைக்குருவி:
கொன்றுவிட்டார் என்றுதான் நினைக்கிறேன். பேட்மேன் கதைகள் எழுதிய கிராண்ட் மாரிசனும் 2013-ல் ஒரு பாட்காஸ்ட்டில் இதையே சொன்னார். ஜோக்கைத் திரும்பப் படியுங்கள்: மனநல விடுதியிலிருந்து இருவர் கூரை தாண்டித் தப்பிக்கிறார்கள்; டார்ச் அடிக்கிறேன், வெளிச்சத்தின் மேல் நடந்து வா என்கிறான் தாண்டிவிட்ட ஒருவன், பாதி வழியில் அணைத்துவிடுவாய் என்கிறான் மற்றவன். இப்போது கடைசிக் கட்டங்களில் குட்டையில் விழும் கார் விளக்கின் கோட்டைப் பாருங்கள், அது அணைந்துவிடுகிறது. கதையை எழுதிய ஆலன் மூர் இதைச் சும்மா வைக்கவில்லை.

பழையபேப்பர்:
எனக்கு ஒப்பவில்லை. கதையின் உயிர் போலீஸ் கமிஷனர் கார்டனிடம் இருக்கிறது. கதவைத் திறந்த மகள் பார்பராவை ஜோக்கர் அவர் கண் முன்னாலேயே சுட்டு, அவரைக் கடத்திக்கொண்டு போய், அவள் அடிபட்டுக் கிடக்கும் படங்களைப் பொழுதுபோக்குப் பூங்காவின் ரயில் சவாரியில் சுவர் சுவராகக் காட்டுகிறான். ஒரு மோசமான நாள் போதும், எவனும் பைத்தியமாவான் என்று நிரூபிக்கத்தான் அத்தனையும். அவ்வளவுக்கும் பிறகு அந்த மனிதர் பேட்மேனிடம் கேட்பது என்ன? அவனைச் சட்டப்படி பிடித்து வா, நம் வழி செல்லும் என்று காட்டு. பேட்மேன் கொன்றிருந்தால் ஜோக்கர் ஜெயித்துவிட்டான், கார்டன் தாங்கியதெல்லாம் வீண். என்னால் அதை ஏற்கவே முடியவில்லை.
இன்னொன்று, எல்லாரும் கடைசிப் பக்கத்தையே பேசுகிறோம், பார்பராவைப் பேசுவதில்லை. இந்தக் கதைக்குள் அவள் வெறும் பலி. அடுத்த வருடமே எழுத்தாளர்கள் ஜான் ஆஸ்ட்ராண்டரும் கிம் யேலும் அவளைச் சக்கர நாற்காலியிலிருந்தே, கம்ப்யூட்டர் மூலம் தகவல் திரட்டி உதவும் 'ஆரக்கிள்' ஆக எழுப்பினார்கள், அதற்காக அவர்களுக்கு என்றைக்கும் நன்றி.

இரவுப்பறவை:
கார்டன் சொன்னதை மறந்தே போனேன். சரி, திரும்பப் படிக்கிறேன். என்னிடம் இருக்கும் பதிப்பில் ஜோக்கரின் பழைய நினைவுகள் வரும் பக்கங்கள் கறுப்பு வெள்ளையில் இருக்கின்றன.

மழைக்குருவி:
அது 2008 பதிப்பு, ஓவியர் பிரையன் போலண்டே மறுபடி வண்ணம் தீட்டியது. 1988-ல் வந்ததில் ஜான் ஹிக்கின்ஸின் வண்ணம், பளீரென்று கண்ணைக் குத்தும். கிடைத்தால் அதையும் பாருங்கள், பூங்காக் காட்சி வேறு கதை மாதிரி இருக்கும்.