புதுப்பிப்பு: கால் முறிவு இழப்பீட்டுக் கணக்கில் விட்டுப்போன 40%

முந்தைய பதிவில், சாலை விபத்தில் கால் முறிந்த 38 வயது டெம்போ ஓட்டுநருக்குப் போட்ட இழப்பீட்டுக் கணக்கு: மாதம் 15,000 × 12 × 15 (ஆண்டு வருமானத்தைப் பெருக்க 36–40 வயதுக்கு நீதிமன்றம் வைத்திருக்கும் எண்) × 30% ஊனம் = 8,10,000. இதில் எதிர்கால வருமான உயர்வைச் சேர்க்கவில்லை. உச்ச நீதிமன்றத்தின் 2017 பிரணய் சேத்தி தீர்ப்புப்படி, சுயதொழில் செய்பவர் 40 வயதுக்குள் இருந்தால் 40% கூட்ட வேண்டும். நிரந்தர ஊனம் ஏற்பட்ட காய வழக்குகளுக்கும் இது உண்டு என 2020-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. ஆக மாத வருமானம் 15,000 + 40% = 21,000; 21,000 × 12 × 15 × 30% = 11,34,000. வித்தியாசம் 3.24 லட்சம், சின்னத் தொகையில்லை.

அந்த 30% ஊனம் எங்கிருந்து என்று கேட்டிருந்தீர்கள். அது முழு உடலுக்கான சதவீதம், காலுக்கு மட்டுமானதில்லை. சான்றிதழில் 'வலது கால் 60%' என்று மட்டும் இருந்தால் காப்பீட்டு வக்கீல் அதைத்தான் முதலில் பிடிப்பார். முழு உடலுக்கு எத்தனை சதவீதம் என்பதையும் மருத்துவக் குழுவிடம் எழுதி வாங்குங்கள். அதுவும் முடிவான எண்ணில்லை. கிளட்ச் மிதிக்க முடியாத ஓட்டுநருக்குத் தொழில் இழப்பு 100% வரை போகலாம் (உச்ச நீதிமன்றத்தின் ராஜ்குமார் வழக்குத் தீர்ப்பு, 2010). ஓட்டுநர் உரிமத்தையும் வேலைச் சான்றையும் மனுவோடு இணையுங்கள்.

காலில் வைத்த பிளேட்டை எடுக்க இன்னொரு ஆபரேஷன் இருந்தால், செலவு மதிப்பீட்டை டாக்டரின் லெட்டர்பேடில் வாங்கி வையுங்கள். வாய்ச்சொல் நிற்காது.