14 மாதப் பழக்கத்தை நம்பி ரெப்போவைக் கொடுக்கலாமா?

ஒற்றைக்கொம்பு:
வணக்கம். பாமினி மாதிரியான பழைய எழுத்துருக்களில் அடித்த உரையை யூனிகோடுக்கு மாற்றும் சின்ன லைப்ரரி (மற்ற நிரல்கள் எடுத்துப் பயன்படுத்தும் நிரல்தொகுப்பு) ஒன்றை 9 வருடமாகப் பார்த்துவருகிறேன். அதன் நிரல் இருக்கும் களஞ்சியம், அதாவது ரெப்போ, என் கையில்தான். அம்மாவுக்கு உடம்பு சரியில்லை, வேலையும் மாறிவிட்டது. ஆறு மாதமாக ரெப்போவில் ஒரு மாற்றம்கூட, அதாவது ஒரு கமிட்கூடப் போடவில்லை.

14 மாதமாக ஒருவர் பேட்ச் (நிரல் திருத்தம்) அனுப்புகிறார். நல்ல வேலைக்காரர். 'வெளியீடு' என்பது 'வௌியீடு' என்று உடைந்து வருமே, அதைத் தீர்த்தது அவர்தான். பழைய எழுத்துருவில் ஔகாரக் குறியின் பின்பாதியும் ளகரமும் ஒன்றே. 'வெ'க்குப் பக்கத்தில் 'ள' வந்தால் என் நிரல் இரண்டையும் சேர்த்து 'வௌ' ஆக்கிவிடும். நான்கு வருடம் முட்டி மோதிவிட்டு நான் கைவிட்ட பிழை அது. அடுத்து உயிர்க்குறி வருகிறதா என்று பார்த்து அவர் பிரித்துக் காட்டினார்.

இப்போது முழுப் பொறுப்பையும் தானே எடுத்துக்கொள்வதாகக் கேட்கிறார். முகம் பார்த்ததில்லை, குரல் கேட்டதில்லை. கொடுக்கலாமா, இல்லை ஆர்க்கைவ் செய்துவிட்டு (படிக்க மட்டும் கிடைக்கும்படி மூடிவிட்டு) விலகிவிடலாமா?

பூட்டுச்சாவி:
கொடுக்காதீர்கள். எக்ஸ்இசட் விவகாரம் நடந்து வெகுகாலம் ஆகிவிடவில்லை. லினக்ஸ் முழுக்கப் பயன்படும் சுருக்கக் கருவி அது. 2021 இறுதியிலிருந்து 'ஜியா டான்' என்ற பெயரில் ஒருவர் பேட்ச் அனுப்பினார். ஒழுங்கான பேட்ச்தான். மெல்ல மெல்ல உரிமை கிடைத்து, ரிலீஸ் போடுகிற இடத்துக்கே வந்துவிட்டார். 2024 பிப்ரவரியில் 5.6.0, மார்ச்சில் 5.6.1. இரண்டிலும் எஸ்எஸ்எச் (தொலைவிலிருந்து கணினிக்குள் லாகின் செய்யும் முறை) வழியாக மெஷினுக்குள் நுழையப் பின்கதவு இருந்தது. இரண்டு வருடத்துக்கும் மேல் பொறுமையாக உழைத்த கை அது. 14 மாதம் எதற்கும் சாட்சி ஆகாது.

2018இல் ஈவென்ட்-ஸ்ட்ரீம் கதையும் இதே. வாரத்துக்குச் சுமார் 20 லட்சம் முறை இறங்கிக்கொண்டிருந்த என்பிஎம் (ஜாவாஸ்கிரிப்ட் நிரல்களின் பொதுக் கிடங்கு) பேக்கேஜ். எழுதியவருக்கு ஆர்வம் போய்விட்டது. மின்னஞ்சலில் கேட்டவரிடம் கொடுத்துவிட்டார். புதியவர் பிட்காயின் திருடும் நிரலை உள்ளே சேர்த்தார்.

ஆர்க்கைவ் செய்யுங்கள். அவருக்கு ஆசை இருந்தால் ஃபோர்க் செய்து (நகல் எடுத்து) தன் பெயரில் நடத்தட்டும். உங்கள் பெயர்மேல் மக்கள் வைத்த நம்பிக்கையைக் கைமாற்ற முடியாது.

வேப்பமரத்தடி:
எக்ஸ்இசட் கதையில் பாதியைத்தான் சொல்கிறீர்கள். அதன் பராமரிப்பாளர் லாஸ்ஸே காலின் 2022 ஜூனிலேயே வெளிப்படையாக எழுதினார்: நீண்டகால மனநலச் சிக்கலால் முன்போல முடியவில்லை, இது சம்பளமில்லாத பொழுதுபோக்கு வேலை என்று. அதைப் படித்துவிட்டுப் பக்கத்தில் வந்து நின்றவர்கள் யார்? உலகமே பயன்படுத்தியது, தொடர்ந்து கை கொடுக்க வந்தது அந்த ஒருவர் மட்டும். இன்னும் மூன்று பேர் இருந்திருந்தால் அந்த ஆளுக்கு அங்கே இடமே கிடைத்திருக்காது.

நன்றாக முடிந்த கைமாற்றமும் உண்டு. நிரல் மாற்றங்களைப் பதிந்துவைக்கும் கருவியான கிட்டை, லினக்ஸை உருவாக்கிய லினஸ் டோர்வால்ட்ஸ் 2005 ஏப்ரலில் தொடங்கினார். ஜூலையிலேயே ஜூனியோ ஹமானோவிடம் ஒப்படைத்துவிட்டார். நான்கு மாதம்கூட ஆகவில்லை. இன்றுவரை ஹமானோதான் பார்க்கிறார்.

பூட்டுச்சாவி:
கிட் இங்கே பொருந்தாது. லினஸ் அதே மடலாடற்குழுவில்தான் இருந்தார், கூடவே லினக்ஸின் மையப்பகுதியான கர்னலை எழுதும் ஆட்கள் அத்தனை பேரும் தினம் அந்த நிரலைப் பார்த்தார்கள். இங்கே ஒருவர் போய் ஒருவர் வருகிறார். நடுவில் பார்க்க ஆளே இல்லை.

நல்லூரான்:
அண்ணை, நான் இதைப் பாவிக்கிற ஆள். எங்களிடம் 90களில் பாமினியில் அடித்த ஊர் மலர்கள் நிறைய இருக்கின்றன. ஒவ்வொரு கோப்பிலும் 'வௌிநாடு', 'வௌியேற்றம்'. வெளியேறிப் போன ஆட்களின் கதைகள் ஐயா அவை. அந்தச் சொல்லைத் தேடினால் ஒன்றும் அகப்படாது. அந்தத் திருத்தம் ரெப்போவில் இருக்கிறது, ஆனால் இன்னும் ரிலீஸ் ஆகவில்லை. ஆர்க்கைவ் செய்தால் நாங்கள் எங்கே போவது? யாரிடமாவது கெதியாய்க் கொடுங்கள்.

பூட்டுச்சாவி:
நல்லூரான், உங்கள்மேல் சந்தேகம் இல்லை. ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். 2022இல் எக்ஸ்இசட் மடலாடற்குழுவிலும் "எவ்வளவு நாள் காத்திருப்பது, வேறு யாரிடமாவது கொடுங்கள்" என்று சிலர் நெருக்கினார்கள். அந்தப் பெயர்களை அதற்கு முன்னும் யாரும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. களைத்துப்போன மனிதரிடம் அவசரப்படுத்தினால் அவர் கண்ணை மூடிக்கொண்டு கொடுத்துவிடுவார்.

நல்லூரான்:
விளங்குது. எனக்கு மனம் கொஞ்சம் நொந்ததுதான், ஆனால் நீங்கள் சொன்னதில் பிழை இல்லை. அவசரப்படுத்தியது என் தவறு. நிரல் எழுத எனக்கு வராது. ஆனால் கையால் திருத்திய 300 பக்கம் என்னிடம் இருக்கு. ஒவ்வொரு ரிலீஸுக்கும் முன்னால் பழைய கோப்பை ஓடவிட்டு, திருத்திய பக்கத்தோடு ஒப்பிட்டுச் சொல்கிறேன்.

வேப்பமரத்தடி:
பூட்டுச்சாவி, பார்க்க ஆள் இல்லை என்றீர்களே. கேட்காமலே ஒருவர் வந்துவிட்டார்.

பின்னிரவு:
பல வருடம் லினக்ஸ் டிஸ்ட்ரோவுக்கு (டெபியன், ஃபெடோரா மாதிரியான தொகுப்பு) பேக்கேஜ் கட்டியவன் என்ற முறையில் சொல்கிறேன். 'ஆளை நம்பலாமா' என்பதிலேயே சுற்றிக்கொண்டிருக்கிறீர்கள். எந்தச் சாவியைக் கொடுக்கிறோம் என்று யாரும் கேட்கவில்லை.

எக்ஸ்இசட்டில் நஞ்சு இருந்த விதத்தைப் பாருங்கள். பைனரிப் பகுதிகள் 'சோதனைக் கோப்புகள்' என்ற பெயரில் ரெப்போவிலேயே கிடந்தன. கெட்டுப்போன கோப்பைக் கருவி எப்படிக் கையாளுகிறது என்று பார்க்கத்தான் வைத்திருக்கிறார்கள் என்று யாரும் நினைத்துக்கொள்வார்கள். அவற்றைப் பிரித்து ஓடவைக்கும் பில்ட் ஸ்கிரிப்ட் வரிகள் ரெப்போவில் இல்லை, ரிலீஸ் டார்பாலில் (வெளியீட்டுக்காகக் கட்டிய கோப்பில்) மட்டும் இருந்தன. ரெப்போவை வரிவரியாகப் படித்தவருக்கும் அவை கண்ணில் பட்டிருக்காது. ஆண்ட்ரெஸ் ஃப்ராய்ண்ட் என்ற மென்பொருள் பொறியாளருக்கு எஸ்எஸ்எச் லாகின் அரை விநாடி தாமதமானதாகப் பட்டது, விடாமல் தோண்டினார், மார்ச் 29இல் உலகத்துக்குச் சொன்னார். இல்லாவிட்டால் அடுத்த டெபியன், ஃபெடோரா ஸ்டேபிள் வெளியீடுகளோடு ஊரெல்லாம் போயிருக்கும்.

அதனால் கமிட் உரிமை வேறு, ரிலீஸ் உரிமை வேறு. கமிட் உரிமையை இப்போதே கொடுங்கள். ரிலீஸை எவர் மெஷினிலிருந்தும் ஏற்றவேண்டாம். டேக் (பதிப்பு அடையாளம்) போட்டால் சிஐயிலேயே (தானாகக் கட்டும் சர்வரில்) கட்டி பைபிஐக்கு (பைதான் பேக்கேஜ்களின் பொதுக் கிடங்கு) போகட்டும், அனுமதிக்கு இரண்டு பேர் இருக்கட்டும். அதே டேக்கை வேறொருவர் தன் மெஷினில் கட்டி ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

பூட்டுச்சாவி:
இதில் முக்கால்வாசி ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்த இரண்டாவது ஆள் ஒற்றைக்கொம்புதானே? அவரால் முடியவில்லை என்றுதான் இந்தப் பேச்சே தொடங்கியது. மூன்றாம் மாதம் படிக்காமலே 'சரி' அமுக்குவார். அவரைக் குறை சொல்லவில்லை, ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்துகொண்டு யாராலும் டிஃப் (மாறிய வரிகளின் பட்டியல்) படிக்க முடியாது.

ஒற்றைக்கொம்பு:
உண்மைதான். நேற்று அப்படித்தான் செய்தேன். ஸ்கேனுக்குக் காத்திருந்தபோது ஒரு பேட்சைத் திறந்து, மேலோட்டமாகப் பார்த்துவிட்டு மெர்ஜ் செய்யப் போனேன். கை நின்றுவிட்டது.

முடிவு இது. கமிட் உரிமை அவருக்கு இன்றே. ரிலீஸ் அனுமதிக்கு நான் இல்லாமல் வேறு இரண்டு பேர் வேண்டும். பின்னிரவு, வேப்பமரத்தடி, முடியுமா? ஆள் கிடைக்கும்வரை ரிலீஸ் இல்லை. நல்லூரானின் 300 பக்கத்தை டெஸ்டாகவே சேர்த்துவிடலாம். இதையெல்லாம் அவருக்கு எழுதினேன். "சரி, எனக்கும் அதுதான் நிம்மதி" என்று பதில் வந்தது.

வேப்பமரத்தடி:
நான் இருக்கிறேன்.

பின்னிரவு:
நானும். பைபிஐ கணக்கின் மீட்பு மின்னஞ்சல் எது? 2022இல் சிடிஎக்ஸ் என்ற பேக்கேஜை அப்படித்தான் பிடித்தார்கள். பராமரிப்பாளரின் மின்னஞ்சல் டொமைன் காலாவதியானது, வேறொருவர் அதை வாங்கி பாஸ்வேர்டை மாற்றிவிட்டார்.

ஒற்றைக்கொம்பு:
என் பழைய சொந்த டொமைன். அடுத்த மாதம் முடிகிறது, புதுப்பிக்கும் எண்ணமே இல்லாமல் இருந்தேன். இப்போதே மாற்றுகிறேன்.

பூட்டுச்சாவி:
டொமைனையும் இன்னும் இரண்டு வருடத்துக்குப் புதுப்பித்து வையுங்கள். கமிட் உரிமை விஷயத்தில் எனக்கு இன்னும் மனம் ஒப்பவில்லை. முதல் டேக் போட்டதும் சொல்லுங்கள், என் மெஷினில் கட்டி ஒப்பிட்டுப் பார்க்கிறேன்.