சங்கப் பணத்தில் பவளம் நடலாமா?

மாஹேபூர் மங்கை:
நம் சங்கத்தில் சேர்ந்த நன்கொடையை மொரிஷியஸின் புளூ பே கடல் பக்கம் பவளக்கிளை நடும் வேலைக்குக் கொடுக்கலாம் என்று பேச்சு அடிபடுகிறது. வேண்டாம் என்பது என் கட்சி. வழக்கமான கோடை உச்சத்தைவிடக் கடல் ஒரு டிகிரி கூடுதலாகச் சூடாகி நான்கு வாரம் அப்படியே நின்றாலே, பவளம் தன் உடம்புக்குள் வாழும் பாசியை வெளியே தள்ளிவிட்டு நிறமிழந்து வெளிறிவிடும். அதன் சாப்பாட்டில் 90 சதவீதம் வரை அந்தப் பாசி தருவதுதான். நட்ட கிளையும் அதே தண்ணீரில்தானே நிற்கப்போகிறது?

கடலோடி:
அக்கா, கண்ணாடி அடிப்படகு ஓட்டுகிறவன் என்ற முறையில் சொல்கிறேன். வெளிறியதெல்லாம் செத்ததில்லை. வெள்ளையாகிப்போன மான்கொம்புப் பவளத்தைக் கிட்டே போய்ப் பாருங்கள், நுனியில் குட்டிக்குட்டி விரல்கள் நீட்டிக்கொண்டிருக்கும். சூடு சீக்கிரம் தணிந்தால் நிறம் திரும்பிவிடும். அதன் மேலே பழுப்பு நிறத்தில் மெத்துமெத்தென்று வேறு பாசி படர்ந்துவிட்டால்தான் கதை முடிந்தது. வெயிலைத் தாங்கிப் பிழைத்த தாய்ப்பவளத்திலிருந்து கிளை எடுத்து நட்டால் அடுத்த கோடைக்கு விதையாவது மிஞ்சும். 1998இல் சீஷெல்ஸில் பெரும்பகுதி அழிந்தபோது நம் பவளம் தப்பியதே!

மாஹேபூர் மங்கை:
தப்பியது எப்படி தம்பி? அந்தப் பிப்ரவரியில் அனசெல் புயல் வந்து மேகமும் மழையுமாக வெயிலை மறைத்தது. ஒவ்வொரு கோடைக்கும் புயல் வந்து காப்பாற்றாது. 2016இல் இங்கேயும் வெளிறியது. 2024 ஏப்ரலில் உலக அளவில் நான்காவது பெரும் வெளிறல் என்று அமெரிக்காவின் கடல், வளிமண்டல ஆய்வு அமைப்பான நோவா அறிவித்தது. அப்புறம், நடுகிறவர்கள் விரும்பி எடுப்பது வேகமாக வளரும் கிளைப்பவளம். சூட்டில் முதலில் சாவதும் பெரும்பாலும் அதுதான்.

காத்ர் போர்ன் வாசகன்:
பவளம் கோடிக்கணக்கான ஆண்டுகளாக இருக்கிறது. இதையும் தாண்டிவிடும். பணத்தைக் கோவிலுக்குக் கொடுங்கள்.

கடலோடி:
அய்யா, அப்போது மாறிக்கொள்ள அதற்கு அவகாசம் இருந்தது. இப்போது ஒரு வெளிறலிலிருந்து தேறுவதற்குள் அடுத்தது வந்துவிடுகிறது. பவளத்திட்டு சராசரியாக அலையின் ஆற்றலில் 97 சதவீதத்தை வெளியிலேயே தடுத்துவிடுகிறது. அது போனால் நம் கரையோர வீடுகளும் கோவில்களும் கடலைப் பார்த்தபடிதான் நிற்கும்.

மாஹேபூர் மங்கை:
இதில் தம்பி சொல்வதுதான் சரி, கரைக்கு அதுதான் மதில். ஆனால் ஐ.நா.வின் காலநிலை அறிவியல் குழுவான ஐபிசிசியின் 2018 அறிக்கையையும் பாருங்கள்: பூமி 1.5 டிகிரி சூடானால் பவளத்திட்டுகளில் 70 முதல் 90 சதவீதம் குறையும், 2 டிகிரி என்றால் 99 சதவீதத்துக்கு மேல். இவ்வளவு பெரிய சூட்டுக்கு முன்னால் நாலு கிளை நடுவது எதற்கு?

கடலோடி:
மிஞ்சப்போகும் அந்த 10, 30 சதவீதத்தில் நம் லகூனும், அதாவது கரைக்கும் பவளத்திட்டுக்கும் நடுவிலுள்ள கடலும், இருக்கவேண்டும், அதற்குத்தான்.

மாஹேபூர் மங்கை:
இருக்கவேண்டும் என்றால் உயிரோடு நிற்பதை முதலில் காப்பாற்றுங்கள். பெருமழையில் கரும்புத் தோட்டத்து மண்ணும் உரமும் ஆற்றோடு லகூனுக்குள் வந்து இறங்குகின்றன. உரம் பாசியை வளர்க்கிறது, மண் பவளத்தை மூடுகிறது. சூட்டில் தளர்ந்துபோன பவளம் இதில் எப்படித் தேறும்? பாசியை மேயும் கிளிமீனையும் பிடித்துவிடுகிறோம். நங்கூரம் வேறு, ஒரு முறை இழுத்தால் பல ஆண்டு வளர்ச்சி நொறுங்கிப்போகும். சங்கப் பணத்தில் படகு கட்ட மிதவை போடுங்கள், ஆற்றங்கரையில் மரம் வையுங்கள். அதற்கென்றால் நானே முதல் ஆளாகப் பணம் தருகிறேன்.

கடலோடி:
மிதவைக்கு நானும் தயார், என் படகும் அதில்தான் கட்டும். ஆனாலும் கிளை நடும் வேலையைக் கைவிட மனமில்லை அக்கா. ஞாயிறு கூட்டத்தில் இரண்டுக்கும் தனித்தனியாக வாக்கெடுக்கச் சொல்வேன்.

மாஹேபூர் மங்கை:
எடுக்கட்டும். நடுவதற்கு எதிராகத்தான் கை தூக்குவேன்.