தம்பி தரவிறக்கிய படம் ஓடவில்லை, கணினிதான் குழம்பிவிட்டது

வெள்ளவத்தை அக்கா:
வணக்கம். சென்ற சனிக்கிழமை என் தம்பி, வெளியாகி ஒரு வாரமும் ஆகாத தமிழ்ப் படமொன்றை ஏதோ ஓர் இணையத்தளத்திலிருந்து எனது மடிக்கணினியில் தரவிறக்கினான். கோப்பை அழுத்தியதும் படம் ஓடவில்லை. கறுப்புப் பெட்டியொன்று தோன்றி மறைந்ததாம். மறுநாளிலிருந்து கூகுளில் எதைத் தேடினாலும் வேறெங்கோ இழுத்துச் செல்கிறது. திரையின் மூலையில் ‘உங்கள் கணினியில் வைரஸ்’ என்ற அறிவிப்புகள் ஓயாமல் வருகின்றன. வங்கிக் கணக்கையும் இதே கணினியில்தான் பார்க்கிறேன். வைரஸ் தடுப்பு மென்பொருளை ஓட்டினால் போதுமா? படம் பார்க்க அவனுக்கு நேர்வழி ஏதும் உண்டா?

கணினி திருத்துபவர், பம்பலப்பிட்டி:
சகோதரி, முதலில் அந்தக் கோப்பின் அளவைப் பாருங்கள். இரண்டரை மணி நேரப் படம் சில மெகாபைட்டுக்குள் அடங்காது. கோப்பின் வகையைக் காட்டும், பெயரின் இறுதி ஒட்டை விண்டோஸ் வழக்கமாக மறைத்துவிடுவதால், ‘எம்பி4’ என முடிவதுபோல் தெரியும் கோப்பு உண்மையில் ‘எக்ஸி’ வகை நிரலாக இருக்கலாம். அப்படியானால் தம்பி திறந்தது படத்தையே அல்ல. மூலையில் வரும் அறிவிப்புகள் பெரும்பாலும் வெறும் மிரட்டல். உலாவியில் ‘அனுமதி’ என்று எப்போதோ அழுத்தியதன் பலன், அமைப்புகளில் நீக்கிவிடலாம். எனக்குக் கவலை தருவது கறுப்புப் பெட்டிதான். உலாவியில் சேமித்த கடவுச்சொற்களையும், உள்நுழைந்த நிலையைக் காட்டும் குக்கிகளையும் அள்ளிச் செல்லும் நிரல்கள் சத்தமின்றி வேலை செய்யும். ஆகவே கைத்தொலைபேசியிலிருந்து மின்னஞ்சலின் கடவுச்சொல்லை முதலிலும் (மற்றவற்றை மீட்கும் சாவி அதுதானே), வங்கியினதை அடுத்தும் மாற்றி, எல்லாச் சாதனங்களிலிருந்தும் வெளியேறும் தெரிவை அழுத்துங்கள்; வங்கிக்கும் அறிவியுங்கள். பிறகு புகைப்படங்கள், ஆவணங்களை மட்டும் பிரதியெடுத்துக்கொண்டு விண்டோஸைப் புதிதாக நிறுவுவதே என் ஆலோசனை. தடுப்பு மென்பொருள் ‘சுத்தம்’ என்று சொல்வதை மட்டும் நம்பி இருக்கமாட்டேன்.

கொட்டாஞ்சேனை வாசகர்:
டொரண்ட் (பலரது கணினிகளிலிருந்து கோப்பைத் துண்டு துண்டாக இறக்கும் முறை) வழியாக எடுத்திருந்தால் இன்னொரு சிக்கலும் உண்டு: இறக்கும்போதே, இறங்கிய துண்டுகளை நம் கணினி பிறருக்கும் அனுப்புகிறது, அதாவது நாமும் விநியோகிப்பவராகிறோம். பதிப்புரிமையை இலங்கையில் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் பாதுகாக்கிறது.

நேர்வழிக்குக் குறைவில்லை. நெட்ஃபிளிக்ஸ் 2016 முதல் இங்கு கிடைக்கிறது. அமேசான் பிரைம் வீடியோவும் உண்டு. உரிமை நாட்டுக்கு நாடு வேறுபடுவதால், தேடும் படம் இருக்கிறதா என்று பார்த்தபின் சந்தா செலுத்துங்கள். வங்கி அட்டையில் வெளிநாட்டு இணையக் கொடுப்பனவு இயங்குகிறதா என்பதையும் கவனியுங்கள். பழைய படங்கள் பலவற்றைத் தயாரிப்பு நிறுவனங்களே யூடியூபில் இலவசமாக ஏற்றியுள்ளன. புதுப் படம்தான் வேண்டுமென்றால், சவோய் திரையரங்கு உங்கள் வெள்ளவத்தையிலேயே இருக்கிறதே!

வெள்ளவத்தை அக்கா:
இருவருக்கும் நன்றி. பார்த்துவிட்டேன்: 4 மெகாபைட். கடவுச்சொற்களை மாற்றிவிட்டேன், கணினியை நாளை கடைக்குக் கொண்டுசெல்கிறேன், கூலி தம்பியின் கைச்செலவுப் பணத்திலிருந்து.